கன்னல் வித்தை: நேரத்த மிஷின் வச்சு ஆட்டிப் படைக்கிற சிஸ்டம், ரூல்ஸ் எப்படி போடறது?

#1 மணல்கடிகை

வணக்கம் மக்களே. நம்ம செட்டுக்கு புதுசா ஒரு கேம்பெயின் (ஆளுக்கொரு பாத்திரமா நடிச்சு பல நாள் தொடர்ந்து ஆடற கதை விளையாட்டு) எழுதிட்டு இருக்கேன், பேப்பரும் டைஸும் வச்சு ஆடறதுதான், நல்லா வந்தா அப்புறம் தொடர்கதையாவும் எழுதிடலாம்னு ஒரு நப்பாசை.

உலகம் இப்படி. ஏழ்வாசல்னு ஒரு தலைநகரம், நடுவுல ஒரு கோபுரம், அதுக்குள்ள தண்ணில ஓடற பிரம்மாண்டமான பொறி. அந்தப் பொறிய கட்டி, எண்ணெய் போட்டு, பராமரிக்கிறவங்க கன்னலர். அவங்க கத்துக்கிறது கன்னல் வித்தை (சங்கப்பாட்டுல தண்ணிக் கடிகாரத்த கன்னல்னு சொல்வாங்கல்ல, அங்கேர்ந்து சுட்டது). மந்திரம் கிடையாது, கைய ஆட்டி பூ தூவறது கிடையாது. பொறிய திருகினா நேரம் திருகும். இடுப்புல கட்டிக்கிட்டு போற மாதிரி கைப்பொறியும் உண்டு.

இப்போதைக்கு மூணு வேலை செய்யும். ஒரு ரூம் அளவு இடத்துல நேரத்த நிறுத்தும், இல்லன்னா வேகமா ஓட்டும், இல்லன்னா ஒரு நாழிகை, அதாவது நம்ம 24 நிமிஷம், பின்னாடி கொண்டு போகும்.

சும்மா டெஸ்ட்டுக்கு ஆடிப் பாத்தோம். பயலுக டைஸ் சரியா விழலைன்னா உடனே பொறிய திருகறானுங்க. கதவு திறக்கலையா திருகு, பூதம் கடிச்சுச்சா திருகு. பயமே இல்லாம போச்சு. எப்படி கட்டுப்படுத்தறது?

#2 டைஸ்_ராணி

ரீவைண்ட தூக்கிடு, வேற பேச்சே இல்ல. எங்க டேபிள்ல ஒருத்தனுக்கு இந்த மாதிரி ஒரு பவர் குடுத்து வச்சிருந்தாங்க, அவன் ஒருத்தன் மட்டும் ஆடினான், நாங்க மத்தவங்க எல்லாம் மிக்சர் தின்னுட்டு உக்காந்திருந்தோம். ஒரு முடிவ மாத்த முடியும்னா அது முடிவே இல்லல்ல, அப்ப எதுக்கு டைஸ் உருட்டணும்?

ஒரு நாளைக்கு மூணு தடவைதான்னு லிமிட் வைக்கலாம்னு யாராவது வருவாங்க பாரு, அதுவும் வேலைக்கு ஆகாது. மூணாவது முக்கியமான சண்டைக்குன்னு எடுத்து வச்சுப்பாங்க, அந்த சண்டை சப்புனு முடியும்.

#3 குட்டிச்சுவர்

ரூல்ஸ் அப்புறம் பேசலாம், எனக்கு ஒண்ணு சொல்லு தம்பி. இதுல மிஷின் எதுக்கு? மந்திரவாதி கோல வச்சிருந்தா அவன் கோல ஆட்டி நேரத்த நிறுத்துவான், உன் ஆளு திருகாணிய திருகி நிறுத்தறான். ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்? கோலுக்கு பதிலா பித்தளை. மூக்குக் கண்ணாடியும் பல்சக்கரமும் ஒட்டிட்டா புது சிஸ்டம் ஆயிடுமா? இந்த மாதிரி அலங்காரப் பல்சக்கரம் பாத்து பாத்து எனக்கு கண்ணு பூத்துப் போச்சு, பாதி படத்துல அந்தச் சக்கரம் பக்கத்துச் சக்கரத்த தொடக்கூட தொடாது.

மிஷினால மட்டும்தான் வரக்கூடிய விஷயம் என்னன்னு யோசி. அது இல்லன்னா மந்திரமே போதும்.

#4 பேலன்ஸ்வீல்

குட்டிச்சுவர் கேட்டது சரியான கேள்வி, நான் கொஞ்சம் நீளமா எழுதறேன் பொறுத்துக்கோங்க. எங்க அப்பா வாட்ச் ரிப்பேர் கடை வச்சிருந்தாரு, ஸ்கூல் விட்டதும் நான் அங்கதான் கிடப்பேன்.

எல்லாரும் நினைக்கிறது கடிகாரம்னா நேரத்த ஓட்டற மிஷின்னு. கிடையவே கிடையாது. சாவி குடுத்த ஸ்பிரிங்குக்கு ஒரே ஒரு ஆசைதான், சட்டுனு விரிஞ்சுடணும். குண்டு தொங்கற பழைய கோபுரக் கடிகாரத்துல குண்டுக்கு ஆசை, தரைக்கு போயிடணும். கடிகாரத்தோட மொத்த மூளையும் அத போக விடாம தடுக்கறதுலதான் இருக்கு. எஸ்கேப் வீல்னு ஒரு சக்கரம், அதோட பல்ல பிடிச்சு நிறுத்த பேலட் ஃபோர்க்குனு நங்கூரம் மாதிரி ஒண்ணு, அதோட ரெண்டு முனையிலயும் சின்ன சிவப்புக் கல்லு. பேலன்ஸ் வீல்னு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆடற சக்கரம் ஒண்ணு உண்டு, அது ஆடும்போது கல்லு விலகும், ஒரு பல்லு தப்பிக்கும், உடனே அடுத்த கல்லு வந்து அடுத்த பல்ல பிடிச்சுக்கும். தியேட்டர் கேட்ல ஒரு டிக்கெட்டுக்கு ஒரு ஆளுன்னு உள்ள விடற மாதிரி. எச்எம்டி ஜனதா மாதிரி சாவி வாட்ச்ல இது மணிக்கு 18,000 தடவை நடக்குது, அதாவது செகண்டுக்கு 5. காதுல வச்சா கேக்குதே டிக் டிக்னு, அது சக்கரம் ஓடற சத்தம் இல்ல, பல்லு கல்லுல முட்டி நிக்கற சத்தம்.

இப்ப கடையில முதல் நாள்லயே சொல்லித் தர்ற பாடம் ஒண்ணு. பேலட் ஃபோர்க்க கழட்டறதுக்கு முன்னாடி ஸ்பிரிங்ல இருக்கற டென்ஷன இறக்கிடணும். கிளிக்க (ஸ்பிரிங் திரும்ப விரியாம பிடிக்கிற கொக்கி) லேசா விலக்கி, கிரௌன (சாவி குடுக்கற திருகு) விரல்ல பிடிச்சுக்கிட்டு கொஞ்சம் கொஞ்சமா விடணும். அத செய்யாம ஸ்க்ரூவ எடுத்தா போச்சு, சர்ர்ருனு ஒரு சத்தம், ஒரு நாள் பூரா ஓட வேண்டிய ஸ்பிரிங் கண்ண மூடித் திறக்கறதுக்குள்ள ஓடி முடிச்சிருக்கும். பிவட், அதான் சக்கரத்தோட அச்சு முனை, உடைஞ்சாலும் உடையும், பல்லு போனாலும் போகும்.

உன் கன்னல் வித்தைக்கு இதுதான் பதில்னு எனக்கு தோணுது. உன் ஆளுங்க நேரத்த பின்னாடி கொண்டு போறவங்க இல்ல, முன்னாடி தள்றவங்களும் இல்ல. நேரம் அதுபாட்டுக்கு விழுந்துட்டே இருக்கு, அவங்க பல்லு பல்லா பிடிச்சு வைக்கிறாங்க. பிடிக்கலாம், விடலாம். பிடிச்சு வச்சது எங்கயும் போகாது, ஸ்பிரிங்ல ஏறிட்டே இருக்கும். ஒரு நாள் அந்தக் கல்லு உடையும்.

#5 மணல்கடிகை

அண்ணே இத படிச்சுட்டு எழுந்து ஒரு ரவுண்டு நடந்துட்டு வந்து உக்காந்தேன். அப்ப ரீவைண்ட் அவுட். நேரத்த பிடிச்சு வைக்கலாம், பிடிச்சு வச்சத அப்புறமா விடலாம். ஒரு ரூம்ல ஒரு நாழிகை நிறுத்தினா அந்த நாழிகை பொறிக்குள்ள ஏறி உக்காந்திருக்கும், எங்கயாவது எப்பவாவது இறக்கியாகணும். இறக்கற இடத்துல எல்லாம் டபுள் ஸ்பீடுல ஓடும். வேகமா ஓட்டறதுக்கு தனியா பவரே வேண்டாம், அது பிடிச்சு வச்சதோட மறுபாதி!

அப்புறம் அந்த சர்ர்ரு. ஐயோ. ஒரு பழைய பொறில நூறு வருஷமா பிடிச்சு வச்சத இறக்காம விட்டிருந்தா?

#6 டைஸ்_ராணி

ஹ்ம்ம் இது ஆடறதுக்கு நல்லா இருக்கு. கேரக்டர் ஷீட்ல ஹிட் பாயின்ட் (பாத்திரத்தோட உயிர்க் கணக்கு) பக்கத்துல டென்ஷன்னு ஒரு கட்டம் போடு. பிடிக்க பிடிக்க ஏறும். ஏற ஏற டைஸ் உருட்டணும், கல்லு தாங்குதா இல்லையான்னு. அப்ப ஒவ்வொருத்தனும் தானாவே யோசிப்பான், நீ லிமிட் வைக்கவே தேவையில்ல.

#7 நானோசெகண்ட்

உள்ள வரலாமா. நிஜத்துலயே நேரம் எல்லா இடத்துலயும் ஒரே மாதிரி ஓடல, அத உலகத்துக்குள்ள கொண்டு வரலாமே.

1971ல ஹாஃபலே, கீட்டிங்னு ரெண்டு பேரு சீசியம் அணுக் கடிகாரத்த சாதாரண பயணிகள் விமானத்துல ஏத்திக்கிட்டு உலகத்த சுத்தினாங்க. கிழக்கால போன சுத்துல கடிகாரம் 59 நானோசெகண்ட் (ஒரு செகண்ட நூறு கோடி பங்கு போட்டா ஒரு பங்கு) பின்தங்கிடுச்சு, மேற்கால போனதுல 273 நானோசெகண்ட் முந்திடுச்சு. வேகம் கடிகாரத்த மெதுவாக்குது, உயரம் வேகமாக்குது, ரெண்டும் ஆளுக்கொரு பக்கம் இழுக்குது. இப்ப ஜிபிஎஸ் சாட்டிலைட்ல இருக்கற கடிகாரம் தரையில இருக்கறத விட நாளைக்கு சுமார் 38 மைக்ரோசெகண்ட் வேகமா ஓடும், அத கழிக்கலைன்னா மேப் உன்ன நேரா குளத்துல இறக்கிவிடும். 2010ல அமெரிக்காவுல ஒரு லேப்ல ஒரு கடிகாரத்த இன்னொண்ண விட 33 சென்டிமீட்டர் உயர்த்தி வச்சு வித்தியாசத்த அளந்தே காட்டிட்டாங்க, ஒரு அடி உயரம்தான்.

அதனால உன் கோபுரத்தோட உச்சில நேரம் கொஞ்சம் வேகமா ஓடுதுன்னு வை. 12 மீட்டர் கோபுரம்னா கணக்கு போட்டேன், வருஷத்துக்கு சுமார் 40 நானோசெகண்ட்தான் வரும். கதையில நீ அத பத்து கோடி கோடி மடங்கு பெருசாக்கிக்கோ. உச்சில வேலை பாக்கற கன்னலர் சீக்கிரம் கிழவன் ஆயிடுவான், அடித்தளத்துல தண்ணி இறைக்கிறவன் பையன் மாதிரியே இருப்பான்.

#8 குட்டிச்சுவர்

அது சரி, ஐன்ஸ்டீன் வந்துட்டாரா. இனிமே சமன்பாடு போட்டு டைஸ் உருட்டுவோம். பேலன்ஸ்வீல் சொன்னது பிரமாதம், ஏன்னா அது கையால தொடற சமாச்சாரம், பல்லு, கல்லு, ஸ்பிரிங். நானோசெகண்ட யாரு தொட்டுப் பாத்தா?

#9 நானோசெகண்ட்

> நானோசெகண்ட யாரு தொட்டுப் பாத்தா?

உங்க போன் தினமும் தொடுது சார். சரி விடுங்க, கையால தொடற மாதிரியே ஒண்ணு தரேன். 1665ல ஹைகன்ஸ் (பெண்டுலம் கடிகாரத்த உருவாக்கின அதே ஆளு) உடம்பு சரியில்லாம படுத்திருக்காரு, எதிர்ல ஒரே கட்டைல ரெண்டு பெண்டுலம் கடிகாரம் தொங்குது. பாத்துக்கிட்டே இருந்தா ரெண்டு பெண்டுலமும் ஒண்ணுக்கொண்ணு நேர் எதிரா, ஆனா அச்சு பிசகாம சேந்து ஆடுது. கலைச்சு விட்டாரு, அரை மணி நேரத்துல மறுபடி சேந்துக்கிச்சு. கட்டை வழியா ஒண்ணோட நடுக்கம் இன்னொண்ணுக்கு போயிருக்கு.

இத உன் கைப்பொறிக்கு வை. ரெண்டு கன்னலர் ஒரே மரத்தடில, ஒரே படகுல, ஒரே பாலத்துல நின்னா ரெண்டு பொறியும் ஒண்ணோட ஒண்ணு பிணைஞ்சுக்கும். எதிரியோட பொறிய கெடுக்கணுமா, அவன் பக்கத்து ரூம்ல தங்கி அதே உத்தரத்துல உன்னோடத மாட்டி வை.

#10 மணல்கடிகை

இது!! இது ஒண்ணு போதும் ஒரு எபிசோடுக்கு. சத்திரத்துல ஒரே உத்தரம்.

#11 பனங்காய்

வணக்கம் பிள்ளையள். பேசாமல் வாசிச்சுக் கொண்டு மட்டும் இருந்தனான், இப்ப சொல்லாமல் இருக்க ஏலாமல் கிடக்கு. தம்பி மணல்கடிகை, நீர் சொன்ன கோபுரம் உண்மையாகவே இருந்தது. சீனாவில, சோங் அரசு காலத்தில, கைஃபெங் எண்ட தலைநகரத்தில. சூ சோங் எண்ட அதிகாரி 1088இல தொடங்கிக் கட்டினவர். ஏறக்குறைய 12 மீட்டர் உயரம், உச்சியில வெண்கலத்தில நட்சத்திரம் பாக்கிற வளையக் கருவி, நடுவில வான உருண்டை, கீழ அடுக்கடுக்காப் பொம்மையள். பொம்மை ஒண்டு வெளியில வந்து மணியடிக்கும், இன்னொண்டு பறை தட்டும், இன்னொண்டு நேரம் எழுதின பலகையைக் காட்டும். அவையள் ஒரு நாளை 100 பங்காப் பிரிச்சிருந்தவை, ஒண்டு 14 நிமிசம் 24 செக்கன்.

உள்ளுக்கை இருந்த பொறிதான் விசேசம். ஒரு பெரிய சில்லு, அதைச் சுத்தி 36 அகப்பை. மேல இருக்கிற தொட்டியில தண்ணி எப்பவும் ஒரே மட்டத்தில நிக்கும், அதிலயிருந்து ஒரு அகப்பைக்குள்ள ஒழுகும். அகப்பை நிறையும் வரைக்கும் சில்லு அசையாது, ஒரு நெம்புகோல் பிடிச்சு வைச்சிருக்கும். நிறைஞ்ச உடன பாரத்தில அது சரியும், சங்கிலி இழுபடும், மேல் பூட்டுத் திறக்கும், சில்லு ஒரு அகப்பை அளவு மட்டும் நகரும், பூட்டு விழும். பேலன்ஸ்வீல் சொன்ன அதே தடுப்பு, ஐரோப்பாவில பல்லும் நங்கூரமும் வாறதுக்கு முதலே, தண்ணியில.

அதுக்கும் நூறு வருசத்துக்கு முன்னம் ஜாங் சிசூன் எண்டவர் இப்பிடி ஒண்டு செய்தவர். குளிர்காலத்தில தண்ணி உறைஞ்சு கடிகாரம் நிண்டு போகும் எண்டதால தண்ணிக்குப் பதிலாப் பாதரசம் ஊத்தினவர்.

#12 பேலன்ஸ்வீல்

பாதரசமா! ஐயா கும்பிட்டுக்கறேன். எங்க கடையில வெயில் காலத்துல வேற கம்ப்ளெயின்ட், சுவர்க் கடிகாரம் லேட்டா ஓடுதுன்னு. பெண்டுலம் கம்பி சூட்டுல நீளுது, நீண்டா மெதுவா ஆடும். இரும்புக் கம்பின்னா ஒரு டிகிரி ஏறினா நாளைக்கு அரை செகண்டு போகும், நம்ம ஊரு சித்திரைக்கும் மார்கழிக்கும் கணக்கு பண்ணிக்கோங்க. மணல்கடிகை, இத அப்படியே எடுத்துக்கோ. குளிர்ல பொறி உறையும், வெயில்ல தளரும். எந்த நாள்ல எந்தப் பொறி எவ்வளவு பிழையா ஓடும்னு மனப்பாடமா தெரிஞ்சவன்தான் பெரிய கன்னலன். அவனுக்கு ஸ்பெல் புக் தேவையில்ல, ஒரு பிழைக் கணக்கு நோட்டு போதும்.

#13 ராத்திரிப்பூனை

நான் படிச்சிருக்கேன், ப்ராக் நகரத்துல ஒரு கடிகாரம் இருக்கு, அத செஞ்சவரோட கண்ண ஊர்ப் பெரியவங்க குருடாக்கிட்டாங்களாம், வேற ஊருக்கு அந்த மாதிரி செஞ்சு குடுத்துடக் கூடாதுன்னு. உன் கன்னலருக்கும் அப்படி ஒரு விதி வச்சா செம டார்க்கா இருக்கும்.

#14 பனங்காய்

அது கட்டுக்கதை பிள்ளை. ஹானுஷ் எண்டவரின்ர பேரில சொல்லுறவை, ஆனா ப்ராக் கடிகாரம் 1410இல மிக்குலாஷ் எண்டவர் செய்தது, அவரை ஒருத்தரும் குருடாக்கேல்லை. கண்ணைப் பிடுங்கத் தேவையுமில்லை, ஆக்களைக் கட்டிப் போட வேற வழி கிடக்கு.

சூ சோங்கின்ர கதையையே கேளுங்கோ. கோபுரம் கட்ட முன்னம், 1077இல அவரை வடக்கில இருந்த லியாவ் அரசனின்ர பிறந்தநாளுக்கு வாழ்த்துச் சொல்லத் தூது அனுப்பினவை. அந்த நாள் மாரிகாலக் கதிர்த்திருப்ப நாளோட (வருசத்தில பகல் ஆகக் கட்டையான நாள்) சேந்து வந்தது. போய்ப் பாத்தா சோங் பஞ்சாங்கம் அதை ஒரு நாள் முந்திக் காட்டுது. லியாவ் பஞ்சாங்கம்தான் சரி. அந்தக் காலத்தில பஞ்சாங்கம் பிழைக்கிறது எண்டா என்ன தெரியுமோ, வானம் உன்ர அரசனோட இல்லை எண்ட மாதிரி. சபை முன்னால நிண்டு மனுசன் சளைக்கேல்லை. கணிக்கிற முறையள் கொஞ்சம் முன்ன பின்ன வரும், நள்ளிரவுக்குக் கிட்ட ஒரு நாழிகை பிந்தினாலே நாள் மாறிப் போகும், அவரவர் தங்கட பஞ்சாங்கப்படி கொண்டாடுவம் எண்டு நயமாச் சமாளிச்சிட்டார். திரும்பி வந்ததும் அரசன் கேட்டான் எது சரி எண்டு. அவையின்ரதுதான் சரி எண்டு நேராச் சொல்லிப் போட்டார். பஞ்சாங்க அதிகாரியளுக்குத் தண்டனை விழுந்தது.

நான் சொல்ல வாறது, நேரம் ஆரின்ர கையில எண்டதுதான் உம்மட கதை. மிசினை வீட்டில வைச்சு ஆரும் ஓட்டலாம் எண்டா அரசனுக்கு என்ன வேலை? அந்தக் காலத்துச் சீனச் சட்டத்தில தனி ஆக்கள் வானியல் கருவி வைச்சிருக்கக் கூடாது.

#15 குட்டிச்சுவர்

ஐயா நீங்க எழுதறத படிச்சா மணி போறதே தெரியல. இந்த இழைல கன்னல் வித்தை தெரிஞ்ச ஒரே ஆளு நீங்கதான்.

அந்தக் கோபுரம் என்ன ஆச்சு?

#16 பனங்காய்

1127இல வடக்கில இருந்து வந்த ஜுர்ச்சென் எண்ட இனத்தின்ர படை கைஃபெங்கைப் பிடிச்சது. கோபுரத்தைக் கழட்டித் துண்டு துண்டா வடக்கில இப்பத்தைய பெய்ஜிங் பக்கம் கொண்டு போச்சினம். அங்க பூட்டிப் பாத்தா அது சரியா வேலை செய்யேல்லை. பாகங்கள் தேய்ஞ்சிருந்தது ஒண்டு. மற்றது இடம். கைஃபெங்கில நிண்டு துருவத்தைப் பாக்கிறதுக்கு எண்டு வைச்ச குழாய் வடக்கில வேற இடத்தைப் பாக்குது, அட்சரேகை மாறிப் போச்செல்லோ. தெற்கில தப்பியோடின சோங் அரசு திரும்பவும் ஒண்டு கட்டப் பாத்தது, சூ சோங்கின்ர மகனையும் கேட்டுப் பாத்தவை, சரிவரேல்லை. படத்தோட எழுதின புத்தகம் கையில இருந்தும்.

#17 டைஸ்_ராணி

நில்லுங்க நில்லுங்க. பொறிய திருடலாம், ஆனா வேற ஊர்ல ஓடாது. இது அரக்கன் காவல், பூட்டு, கண்ணி எல்லாத்தையும் விட நல்ல பாதுகாப்பு. என் பார்ட்டி, அதான் கூட ஆடற குழு, ஆறு செஷன் கஷ்டப்பட்டு கோபுரத்துலேர்ந்து ஒரு சக்கரத்த திருடிட்டு எல்லை தாண்டினா அது வெறும் பித்தளை. அழுதுருவானுங்க 😂

#18 சும்மா_வந்தேன்

நேரத்த திருடறது பத்தி பேசறீங்க, ஜப்பான் அரசாங்கம் நிஜமாவே திருடுச்சு. பழைய பஞ்சாங்கத்துலேர்ந்து இங்கிலீஷ் காலண்டருக்கு மாறினப்ப, அவங்க கணக்குல 12ஆம் மாசம் 3ஆம் தேதிய அப்படியே 1873 ஜனவரி 1ன்னு அறிவிச்சுட்டாங்க. அந்த 12ஆம் மாசத்துக்கு ரெண்டே நாள்தான். ரெண்டு நாள் மாசத்துக்கு எவன் சம்பளம் குடுப்பான்? அதோட அடுத்த வருஷம் பழைய கணக்குப்படி அதிக மாசம் வந்து 13 சம்பளம் குடுக்க வேண்டியது, அதுவும் மிச்சம். கஜானா காலியா இருந்த நேரம் பாத்து செஞ்சாங்க.

அதுக்கு முன்னாடி வரைக்கும் அங்க மணி நேரமே ஒரே அளவு கிடையாது. சூரிய உதயத்துலேர்ந்து அஸ்தமனம் வரைக்கும் ஆறு பங்கு, ராத்திரி ஆறு பங்கு. கோடைல பகல் பங்கு நீளம், குளிர்ல குட்டை. கடிகாரத்துல பகலுக்கு ஒண்ணு ராத்திரிக்கு ஒண்ணுன்னு ஆடற கட்டை ரெண்டு வச்சு, பொழுது மாறும்போது தானா மாறிக்கிற மாதிரி செஞ்சிருந்தாங்க. அதுல இருக்கற சின்ன எடைகள நகத்தி நகத்தி பருவத்துக்கு ஏத்த மாதிரி திருத்தணும். நேரத்த நீட்டறதும் சுருக்கறதும் அங்க ஒரு வேலை, அதுக்கு ஆளு போட்டு சம்பளம் குடுத்தாங்க.

#19 நானோசெகண்ட்

லீப் செகண்டும் அதே கதைதானே. 1972லேர்ந்து 27 தடவை உலகக் கடிகாரத்துல ஒரு செகண்ட் நுழைச்சிருக்காங்க, கடைசியா 2016 டிசம்பர் 31ல. சர்வர் எல்லாம் திணறினதால 2035க்குள்ள இத நிறுத்திடறதுன்னு 2022ல முடிவு பண்ணிட்டாங்க. கமிட்டி போட்டு நேரத்த கூட்டறாங்க, உங்க கன்னலர் மாதிரியே.

#20 ராத்திரிப்பூனை

எல்லாம் சரி, ஆனா எனக்கு ஒண்ணு உறுத்துது. இவ்ளோ விளக்கினா மாயம்னு எங்க இருக்கு? டென்ஷன் கட்டம், உத்தர அதிர்வு, அட்சரேகை. இது இன்ஜினியரிங் காலேஜ் வைவா மாதிரி ஆயிட்டு இருக்கு. எனக்கு மந்திரம்னா முடி சிலிர்க்கணும்.

#21 நானோசெகண்ட்

விதி தெரிஞ்சாத்தான் மீறும்போது சிலிர்க்கும். விதியே இல்லாத மாயத்துல என்ன வேணா நடக்கும், அப்ப எதுவும் ஆச்சரியம் இல்ல.

#22 குட்டிச்சுவர்

இல்ல, பூனை சொல்றதுல விஷயம் இருக்கு. பொறி எப்படி ஓடுதுன்னு விளக்கலாம், ஆனா அது ஏன் நேரத்த பிடிக்குதுன்னு விளக்கவே கூடாது. கன்னலனுக்கே தெரியக் கூடாது. அவனுக்கு தெரிஞ்சது எல்லாம் கல்லு இந்தக் கோணத்துல இருந்தா பிடிக்கும், அரை நூல் தள்ளினா பிடிக்காது. தாத்தா அப்படி வச்சாரு, அப்பா அப்படி வச்சாரு. கேட்டா அடி விழும். எந்த பட்டறைல போனாலும் இப்படித்தான், வேலை கச்சிதமா வரும், காரணம் கேட்டா முறைப்பான்.

நானோசெகண்ட் எல்லாத்தையும் விளக்கப் பாக்கறாரு, அது அவரு வியாதி.

#23 நானோசெகண்ட்

தெரியாதத சாமின்னு விட்டுடறது உங்க வியாதி சார், இதுக்கு மேல நான் பேசல.

#24 காவலாளி (மட்டுறுத்துநர்)

ரெண்டு பேரும் ஆளப் பத்தி பேசாம விஷயத்த பத்தி பேசுங்க. இழை நல்லா போயிட்டு இருக்கு, பூட்ட வச்சுடாதீங்க.

#25 மணல்கடிகை

சண்டை வேண்டாம், ரெண்டையும் எடுத்துக்கறேன். நேத்து ராத்திரி உக்காந்து எழுதினது இது, ஓட்டை இருந்தா போட்டு உடைங்க.

கன்னலன் நேரத்த உண்டாக்க முடியாது, பின்னாடி கொண்டு போக முடியாது. ஒரு இடத்துல பிடிக்கலாம், இன்னொரு இடத்துல விடலாம். பிடிச்ச இடத்துல இருக்கறவங்களுக்கு ஒண்ணும் தெரியாது, அவங்களுக்கு கண்ண மூடித் திறந்த மாதிரி. விட்ட இடத்துல இருக்கறவனுக்கு பசிக்கும், நகம் வளரும், விளக்குல எண்ணெய் தீரும். பிடிச்சது பொறில ஏறும், ஏறினா சூடாகும், கல்லு தேயும். கல்லு கிடைக்கறது ஒரே மலைல, அந்த மலை அரசாங்கத்துக்கு சொந்தம். எல்லா கைப்பொறியும் கோபுரத்து அளவுக்கு ட்யூன் பண்ணினது, ஏழ்வாசல விட்டு தள்ளிப் போகப் போக பிழை கூடும். ஒரே உத்தரம், ஒரே பாலம், ஒரே படகுன்னா பொறிகள் பிணைஞ்சுக்கும். ஏன் வேலை செய்யுதுன்னு யாருக்கும் தெரியாது, கேக்கறவன வேலையிலேர்ந்து அனுப்பிடுவாங்க (குட்டிச்சுவர் அண்ணனுக்காக).

கதை ஆரம்பம்: கோபுரம் எப்பவும் இல்லாத அளவுக்கு சூடா இருக்கு. யாரோ எங்கயோ பெருசா பிடிச்சு வச்சிருக்காங்க, கணக்குல காட்டல.

#26 குட்டிச்சுவர்

நல்லா இருக்கு. இப்ப ஓட்டை பாப்போம், அதான் நமக்கு கை வந்த கலை.

வட்டிக்கடைக்காரன். உனக்கு நூறு காசு கடன் குடுக்கறான், மாசம் ரெண்டு வட்டி. உன் வீட்டு மேல ராத்திரி ராத்திரி பிடிச்சு வச்சுடறான், வெளில மாசம் ஓடிடுச்சு, உனக்கு பத்து நாள்தான் வேலை செஞ்ச மாதிரி. வட்டி எந்த நாள் கணக்குல? கோபுரத்து நாளா உன் வீட்டு நாளா? இதுக்கு ஏழ்வாசல்ல தனி நீதிமன்றமே வேணும். கூலியும் அப்படித்தான், பட்டறை முதலாளி விட்ட நேரத்த பட்டறைக்குள்ள கொட்டினா ஆளு ரெண்டு நாள் வேலைய ஒரு நாள்ல செய்வான், வெளில சூரியன் ஒரு தடவைதான் விழுந்திருக்கு, ஒரு நாள் கூலிதான் குடுப்பான். பூதத்த விடு, உன் வில்லன் இந்த முதலாளிதான்.

#27 சும்மா_வந்தேன்

அந்தப் பட்டறைல வேலை பாக்கறவன் முப்பது வயசுல தலை நரைச்சு நிப்பான். வீட்ல பொண்டாட்டி அப்படியே இருப்பா. வேற எதுவும் சொல்லத் தேவையில்ல, ஊர்ல யாரு எந்தத் தெருன்னு முகத்த பாத்தே தெரிஞ்சுடும்.

#28 ராத்திரிப்பூனை

சரி இப்ப சிலிர்த்துச்சு.

அப்போ பிடிச்சு வச்ச பெரிய நேரம் எங்க போச்சுன்னு எனக்கு ஒரு கெஸ் இருக்கு. அரண்மனைல ராஜா சாகக் கிடக்காரு. கடைசி மூச்ச பிடிச்சு வச்சிருக்காங்க, வாரிசு வயசுக்கு வர்ற வரைக்கும்.

#29 மணல்கடிகை

பூனை நீ ஸ்பாய்லர் போட்டுட்ட. நம்ம ஆளுங்க இந்த இழைய படிக்கிறானுங்க!! இப்ப மாத்தணும்.

#30 பேலன்ஸ்வீல்

மாத்தாத. அவனுங்க ராஜா ரூமத்தான் தேடுவானுங்க, அங்க போய் பாத்தா ராஜா நல்லா உக்காந்து சாப்டுட்டு இருக்கட்டும். சூடு வேற எங்கயோ. வட்டிக்கடைக்காரன் ஞாபகம் இருக்குல்ல? ஒரு ஊருக்கே கடன் குடுத்தவன்.

ஒரு வேலைக்காரன் யோசனை: பொறி சூடானா அத நிறுத்த முடியாது, மெதுவா இறக்கத்தான் முடியும். கிளிக்க விலக்கி, கிரௌன விரல்ல பிடிச்சுக்கிட்டு. உன் பார்ட்டில ஒருத்தன் அந்த விரலா இருக்கணும். இறக்கற நேரம் முழுக்க அவன் மேலதான் விழும்.

#31 டைஸ்_ராணி

ஐயோ அது என் கேரக்டர். எழுதி வச்சுட்டேன், திருடி, பேரு வெள்ளி, விரல் நீளம். ஆனா முதல் செஷன்லயே அவ பாதரசத்ததான் திருடப் போறா, குளிர்காலத்துல அது இல்லாம ஒரு பொறியும் ஓடாதுல்ல. ஒரு குடுவைக்கு என்ன விலை வச்சிருக்க?

#32 மணல்கடிகை

விலை கிடையாது, ரேஷன். ஒரு கன்னலனுக்கு மார்கழிக்கு ஒரு குடுவை, கைநாட்டு வச்சு வாங்கணும், தை பிறந்ததும் எடை போட்டு திருப்பி வாங்கிப்பாங்க. திருடினா யாரோட கணக்குல குறையும்னு இப்பவே சொல்லிடறேன், உன் அண்ணன் கணக்குல. அவன்தான் ஸ்டோர்கீப்பர்.

#33 டைஸ்_ராணி

எனக்கு அண்ணன் இருக்கான்னு யாரு சொன்னா???